299 ராத்திரி, ஒரே வேஷம்

என் மச்சினன் ஒரு சொகுசுக் கப்பலில் சமையல்கட்டு வேலையில் இருக்கிறான். முட்டம், குளச்சல் பக்கத்துப் பையன்கள் நிறையப் பேர் ஏதாவது ஒரு கப்பலில் இருப்பதால் இதில் அதிசயம் ஒன்றுமில்லை. அதே கப்பலில் வேலை பார்க்கும் செர்பியாக்காரர் ஒருவருக்கு ஒரு தம்பி. அந்தத் தம்பி நடிகன். சினிமா இல்லை, மேடை நாடகம். அதுதான் அவனுக்குத் தொழில். போன ஆடியில் இந்தியாவைச் சுற்ற வந்தவன், அண்ணன் கொடுத்தனுப்பிய விலாசத்தைப் பிடித்துக்கொண்டு திங்கள்நகர்ப் பக்கம் எங்கள் வீட்டு மாடியில் வந்து தங்கினான். பேர் போட வேண்டாம் என்றான். அதனால் இங்கே வெறும் தம்பிதான்.

ஏன் ஆடியில் வந்தான் என்றால், ஜூலை, ஆகஸ்டில் அங்கே நாடக அரங்குகளைச் சாத்திவிடுவார்களாம். இலையுதிர் காலத்தில்தான் அடுத்த பருவம். நமக்கோ அது கோயில் கொடைத் திருவிழாக் காலம். காலையில் சாரல், ராத்திரி ஏதாவது ஓர் அம்மன் கோயிலில் வில்லுப்பாட்டு. எனக்கு மைக் செட் தொழில். கோயில் கொடை, சர்ச் திருவிழா, கல்யாணம், கட்சிக் கூட்டம் எல்லாவற்றுக்கும் போவேன். நாடகம் என்றால் மேடைக்குப் பக்கவாட்டில், மிக்சருக்குப் பின்னாலிருந்து பார்த்தே வளர்ந்தவன். எங்கள் சர்ச் பங்குத் திருவிழா நாடகத்தில் வேஷமும் கட்டியிருக்கிறேன், பெரும்பாலும் வில்லன். குரல் அப்படி.

வந்த அன்றைக்கே கேட்டுவிட்டேன்: "தம்பி, நாடகம் நடிச்சா சோறு கிடைக்குமா?" என் மருமகன், இஞ்சினியரிங் மூன்றாம் வருஷம், அதை இங்கிலீஷில் கொஞ்சம் மரியாதையாக்கிச் சொன்னான். தம்பி சிரித்துக்கொண்டு போனில் ஒரு மாதத்து நாட்காட்டியைத் திறந்து காட்டினான். முந்தின மே மாதம். பதினோரு கட்டங்களில் நிறம் அடித்திருந்தது. பதினோரு காட்சி, ஐந்து வெவ்வேறு நாடகம், மூன்று அரங்கு. பச்சை என்றால் சிறுபிள்ளைகளுக்கான காலை நாடகம், சிவப்பு என்றால் பெரிய அரங்கு. நடுவில் சாம்பல் நிறக் கோடுகள்: டிவி தொடர் ஷூட்டிங், கார்ட்டூனுக்குக் குரல். பகலில் கேமரா முன்னால், ராத்திரி மேடையில். அவன் வயது நடிகர்கள் முக்கால்வாசிப் பேருக்கும் இதுதான் பிழைப்பு என்றான்.

எனக்கு அதில் புரியாதது அந்த ஐந்து நாடகம். ஒரே மாதத்தில் எப்படி ஐந்து நாடகம் போடமுடியும்? எங்களுக்கு ஒரு நாடகம் போடுவதற்கே இரண்டு மாதம் ஒத்திகை, பத்துச் சண்டை, ஒரு பங்குப் பேரவைக் கூட்டம். அவன் விளக்கினான். அங்கே ஒரு நாடகம் அரங்கேறிவிட்டால் அது முடிந்துபோவதில்லை. அட்டவணையில் உட்கார்ந்துகொள்ளும். இன்றைக்கு இந்த நாடகம், நாளைக்கு வேறொன்று, பத்து நாள் கழித்து மறுபடி இது. ஜனம் வருகிற வரைக்கும் ஓடும். ஐந்து வருஷம் ஓடுவதுண்டு, பத்துப் பதினைந்து வருஷம் ஓடுவதும் உண்டு. நடிகன் ஐந்து வசனப் புத்தகத்தைத் தலைக்குள் வைத்துக்கொண்டு நடமாட வேண்டும். எவருக்காவது உடம்பு சரியில்லாமல் போனால் இன்னொருவர் இரண்டே நாளில் பாடம் பண்ணி மேடையில் குதிக்க வேண்டும். இவனுக்கு முதல் நல்ல வேஷம் கிடைத்ததே அப்படித்தான். மூத்த நடிகர் ஒருவருக்குப் படிக்கட்டில் கால் பிசகிவிட்டது. "அவருக்கு ஒவ்வொரு புது வருஷத்துக்கும் ஒரு பாட்டில் வாங்கிக் கொடுக்கிறேன்" என்றான்.

செர்பியத் தலைநகரம் பெல்கிரேட் பெரிய நகரம், அதனால் நடக்கிறது என்று நினைக்கத் தோன்றும். 2022 கணக்கெடுப்பில் பெல்கிரேடின் ஜனத்தொகை ஏறக்குறைய 16 லட்சத்து 80 ஆயிரம். நம்ம கன்னியாகுமரி மாவட்டத்தில் 2011-லேயே 18 லட்சத்து 70 ஆயிரம். அதாவது நம்மைவிடக் குறைவு. அந்த ஜனத்துக்கு அங்கே பத்துக்குக் குறையாமல் நாடக அரங்குகள். பெரும்பாலானவை நகரசபை நடத்துவது, தேசிய அரங்கு மட்டும் அரசாங்கத்துடையது. நம்ம மாவட்டத்தில் மாதம் முழுக்க நாடகத்துக்கென்றே விளக்கெரிகிற ஓர் அரங்கு கிடையாது. இருந்தால் அந்த மைக் செட் ஒப்பந்தம் எனக்கு வந்திருக்கும், அதனால் எனக்குத் தெரியாமல் இருக்காது.

தேசிய அரங்குக் கட்டடம் 1869-ல் திறந்தது. அதைக் கட்ட முன்னின்ற இளவரசர் மிஹாய்லோ, கட்டி முடிவதற்கு முன்பே 1868-ல் கொல்லப்பட்டார். இப்போது அரங்குக்கு எதிரே சதுக்கத்தில் குதிரைமேல் வெண்கலமாக உட்கார்ந்திருக்கிறார். அந்தக் குதிரைக்குக் கீழே சந்திக்கலாம் என்பதுதான் பெல்கிரேடில் எல்லாரும் சொல்லும் அடையாளமாம். யூகோஸ்லாவ் நாடக அரங்கு 1948-ல் தொடங்கி, 1997 அக்டோபரில் தீப்பிடித்து எரிந்து, 2003-ல் மறுபடி திறந்தது. தம்பி பிறந்தது அது எரிந்த வருஷம். "நான் வந்தேன், அது போயிற்று" என்று அப்பா கேலி செய்வாராம். 1999-ல் நேட்டோ விமானங்கள் குண்டு போட்ட நாட்களில் ராத்திரி வெளியே வரமுடியாததால் அரங்குகள் பகலில் நாடகம் போட்டன. அது அவனுக்கு நினைவில்லை, இரண்டு வயதுகூட நிரம்பவில்லை. ஆனால் அவனுக்குச் சொல்லிக்கொடுத்த வாத்தியார்கள் எல்லாரும் அப்போது மேடையில் இருந்தவர்கள்.

எனக்குப் பிடித்தது அட்டெல்யே 212 என்ற அரங்கு. பத்திரிகை அலுவலகம் ஒன்றின் கூடத்தில் நாற்காலி போட்டுத் தொடங்கினார்கள். 212 நாற்காலிதான் பிடித்தது, அதுவே பேராகிவிட்டது. முதல் காட்சி 1956 நவம்பர் 12. மருமகன் சட்டென்று நிமிர்ந்தான். 1956 நவம்பர் 1-ம் தேதிதான் நம்ம நாலு தாலுகாவும் திருவிதாங்கூர்-கொச்சியிலிருந்து பிரிந்து தமிழ்நாட்டோடு சேர்ந்தது. பதினோரு நாள் வித்தியாசம். தம்பிக்கு அந்தக் கதையைச் சொல்லவே ஒரு சாயங்காலம் ஆகிவிட்டது. மார்த்தாண்டம், களியக்காவிளைப் பக்கம் சர்ச் திருவிழாவுக்கு இன்றைக்கும் மலையாள நாடகக் குழுக்கள் வந்து போவதைச் சொன்னோம். அவன் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. அங்கே ஹங்கேரி எல்லையோரம் சுபோட்டிட்சா என்ற ஊரில், ஒரே அரசு அரங்குக்குள் செர்பிய மொழிக்கு ஒரு குழு, ஹங்கேரிய மொழிக்கு ஒரு குழு என்று சம்பளம் கொடுத்து வைத்திருக்கிறார்கள்.

அவன் பெல்கிரேட்காரன் இல்லை. தெற்கே லெஸ்கோவாட்ஸ் பக்கம். மிளகாய்க்கும் சுட்ட இறைச்சிக்கும் பேர்போன ஊர், ஒருகாலத்தில் துணி ஆலைகளுக்கும். அம்மா ஆலையில் இருந்தவர், ஆலை மூடிப் பல வருஷம் ஆகிவிட்டது. இலையுதிர் காலத்தில் முற்றத்தில் தகரத் தட்டு போட்டு மூட்டை மூட்டையாகச் சிவப்புக் குடைமிளகாயைச் சுட்டுத் தோலுரித்து, பெரிய சட்டியில் மணிக்கணக்காகக் கிண்டி வருஷத்துக்கு வேண்டியதைப் பாட்டிலில் அடைப்பார்களாம். என் மனைவி அதை மட்டும் மூன்று தடவை விளக்கிச் சொல்லச் சொல்லிக் கேட்டுக்கொண்டாள்.

அந்த ஊரிலிருந்து பெல்கிரேட் நாடகக் கல்லூரிக்குப் பரீட்சை எழுத வந்தவன். எழுதுவதைவிட நடித்துக் காட்டுவதுதான் அதிகம். ஒரு சோகத் தனிமொழி, ஒரு சிரிப்புத் தனிமொழி, கவிதை ஒன்று மனப்பாடம், அப்புறம் அவர்கள் அந்த இடத்திலேயே சொல்வதைச் செய்ய வேண்டும். சுற்றுச் சுற்றாகக் கழித்துக் கடைசியில் பத்துப் பேருக்குச் சற்று முன்னே பின்னே எடுப்பார்கள். அந்த வகுப்புக்கு ஒரு பேராசிரியர். நாலு வருஷமும் அவர் கைதான். 1948-ல் தொடங்கிய கல்லூரி. இப்போது பெல்கிரேடில் மேடையில் நிற்பவர்களைக் கேட்டால் அந்தப் பேராசிரியர் வகுப்பு, இந்தப் பேராசிரியர் வகுப்பு என்றுதான் முறை சொல்வார்களாம்.

அங்கே போனதும் அவனுக்கு முதல் அடி, பேச்சு. செர்பிய மொழியில் எழுத்து மொழிக்கு நாலு விதமான ஏற்ற இறக்கம் உண்டு. நீட்டியா குறுக்கியா, குரல் ஏறுகிறதா இறங்குகிறதா என்று. தெற்கத்திப் பேச்சில் அந்த வித்தியாசமெல்லாம் கிடையாது, ஒரே தட்டு. வேற்றுமை உருபுகளும் தேய்ந்து பாதிதான் இருக்கும். வடக்கத்திக்காரன் கேட்டால் சிரிப்பான். அதனால் முதல் வருஷம் முழுக்க, உச்சரிப்புக்கென்றே இருக்கிற ஆசிரியை அவனை ஒவ்வொரு சொல்லாகப் பிடித்துத் திருத்தினாராம். பஸ்ஸில் போகும்போது கடைப் பலகைகளை எல்லாம் சரியான ஏற்ற இறக்கத்தோடு வாய்க்குள் படித்துக்கொண்டே போவான். ஊருக்குப் போனால் பாட்டி, "டிவிக்காரன் வந்துட்டான்" என்பாள்.

மருமகன் இதைக் கேட்டுவிட்டுக் கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தான். போன வருஷம் சென்னையில் ஒரு குறும்பட ஆடிஷனுக்குப் போனவன் அவன். "தம்பி, மலையாளமா?" என்று கேட்டுத் திருப்பி அனுப்பிவிட்டார்கள். நாஞ்சில்நாட்டுத் தமிழ் பேசுகிற எல்லாருக்கும் ஒரு தடவையாவது இது நடக்கும். தம்பி கதையில் ஒரு திருப்பம் இருக்கிறது. நாலு வருஷம் படித்து ஊர்ப் பேச்சை நாக்கிலிருந்து துடைத்தெடுத்த பிறகு, அவனுக்குக் கிடைத்த இரண்டாவது நல்ல வேஷம் போரிசாவ் ஸ்டான்கோவிச் எழுதிய 'கோஷ்டானா'வில். 1900-ல் தேசிய அரங்கில் முதலில் நடித்த நாடகம். வ்ரான்யே ஊர்த் தெற்கத்திப் பேச்சிலேயே எழுதியது, பாட்டும் ஆட்டமுமாக. அவனை எடுத்ததே அந்தப் பேச்சு வீட்டில் பேசுகிறவன் என்பதால்தான். கூட நடித்த பெல்கிரேட்காரர்கள் ஒத்திகையில் அவனிடம் வந்து உச்சரிப்புக் கேட்டார்கள். சொல்லும்போது அவனுக்கு முகமெல்லாம் சிரிப்பு.

சம்பள விஷயத்துக்கு வருகிறேன், நமக்கு அதுதானே முக்கியம். பழைய நாட்களில் கல்லூரி முடித்த நல்ல நடிகனை ஓர் அரங்கு வேலைக்கு எடுத்துக்கொள்ளும். மாதச் சம்பளம், மருத்துவம், பென்ஷன். வாத்தியார் வேலை மாதிரி. 2013 கடைசியில் செர்பிய அரசு, செலவைக் குறைக்கிறோம் என்று பொதுத்துறையில் புது ஆள் எடுக்கத் தடை போட்டது. அதற்கப்புறம் பல வருஷம் ஒவ்வோர் இடத்துக்கும் மேலே எழுதி அனுமதி வாங்கவேண்டிய நிலை. அரங்கும் பொதுத்துறைதான். மூத்தவர்கள் ஓய்வுபெறப் பெற, அந்த இடங்கள் நிரம்பவில்லை. அதனால் கதாநாயகன் வேஷம் கட்டுகிற பையனுக்குக் காட்சிக்கு இவ்வளவு என்று கூலி, ஓரத்தில் ஈட்டி பிடித்து நிற்கும் பெரியவருக்கு மாதச் சம்பளம். இதை அவன் கோபமில்லாமல் சொன்னான். ஈட்டி பிடிக்கிறவரும் ஒருகாலத்தில் கதாநாயகன்தான் என்றான். தனியாகத் தொழில் செய்யும் கலைஞர் என்று நாடகக் கலைஞர் சங்கம் அங்கீகரித்துவிட்டால் காப்பீட்டுப் பணத்தையும் பென்ஷன் பணத்தையும் நகரசபை கட்டும். அதற்கு இத்தனை வேஷம் கட்டியிருக்கிறேன் என்று காகிதம் காட்ட வேண்டும்.

டிசம்பர் கடைசியில்தான் நல்ல வரும்படி. கம்பெனிக்காரர்கள் தங்கள் ஆட்களின் பிள்ளைகளுக்குப் புது வருஷ விழா நடத்துவார்கள். அதற்கு வெள்ளைத் தாடி, சிவப்பு அங்கி போட்ட பனித் தாத்தா வேண்டும். ஹாம்லெட் நடிக்கக் காத்திருக்கும் பையன்களெல்லாம் அந்தப் பத்து நாள் பனித் தாத்தா. ஒரே நாளில் நாலு கம்பெனி. எங்கள் மருமகன் சிரித்த சிரிப்பில் மாடி அதிர்ந்தது. அவன் பத்து வயதிலிருந்தே பங்குக் கேரல் ரவுண்டில் கிறிஸ்துமஸ் தாத்தா. முகமூடிக்குள் வேர்த்து ஒழுக, பேண்டு வாத்தியத்துக்கு ஆடிக்கொண்டே வீடு வீடாகப் போகிற வேலை. இரண்டு பேரும் முகமூடிக்குள் மூச்சு விடுவதைப் பற்றி அரை மணி நேரம் தொழில்முறையில் விவாதித்தார்கள்.

இனி நான் சொல்லவந்த விஷயம்.

எங்கள் திருவிழா நாடக வீடியோவை மருமகன் அவனுக்குக் காட்டினான். நல்ல நாடகம்தான், அன்றைக்கு நல்ல கைதட்டல். ஐந்து நிமிஷம் பார்த்துவிட்டுத் தம்பி கேட்டான்: "ஏன் எல்லாரும் பேசுவதற்கு ஒரே இடத்துக்கு வருகிறார்கள்?" நான் திரையை உற்றுப் பார்த்தேன். உண்மைதான். மேடைக்கு மேலே கம்பியில் மூன்று மைக் தொங்கவிடுவோம். நடிகர் எங்கே நின்று அழுதாலும், வசனம் வரும்போது நடந்து வந்து மைக்குக்கு நேர் கீழே நின்று, முகத்தை லேசாகத் தூக்கிப் பேசுவார். பேசி முடித்ததும் அடுத்தவருக்கு இடம்விட்டு விலகுவார். செத்துக் கிடக்கும் அப்பாகூட மைக்குக்குக் கீழேதான் சாவார். வருஷக்கணக்காக நான்தான் அந்த மைக்கைத் தொங்கவிடுகிறேன், எனக்கு அது உறைத்ததே இல்லை. அங்கே அரங்குகளில் பேச்சு நாடகத்துக்கு மைக் வைப்பதில்லை. நூற்றுக்கணக்கான பேர் இருக்கும் கூடத்தில் கடைசி வரிசைக்குக் கிசுகிசுப்புகூடக் கேட்க வேண்டும். அதற்குத்தான் நாலு வருஷக் குரல் பயிற்சி. நான் கேட்டேன், "அப்போ உங்க ஊர்ல நான் பட்டினிதான், இல்லியா?" "இசைக்கும் கதவு தட்டும் சத்தத்துக்கும் ஆள் வேண்டும்" என்று ஆறுதல் சொன்னான்.

மறு வெள்ளிக்கிழமை ஓர் இசக்கியம்மன் கோயில் கொடைக்கு எனக்கு வேலை இருந்தது, கூட்டிக்கொண்டு போனேன். வில்லுக்கு வந்திருந்தவர் ஒரு புலவர் அக்கா, எனக்குப் பல வருஷப் பழக்கம். வில்லை வைத்துக் கட்டி, குடக்காரர் பிரிமணையில் குடத்தை உட்காரவைத்து, வீசுகோலால் நாணில் ஒரு தட்டுத் தட்டியதும் மணிகள் எல்லாம் ஒன்றாகக் குலுங்கும் அந்தச் சத்தத்தில் தம்பி நிமிர்ந்து உட்கார்ந்தான். செத்தும் பழிவாங்க வருகிற நீலி கதை. ஒரு வார்த்தை புரியாது. ஆனால் அவன் அக்காவின் வாயைப் பார்க்கவில்லை, கண்ணையே பார்த்துக்கொண்டிருந்தான். எனக்குக் கொஞ்ச நேரம் கழித்துத்தான் காரணம் தெரிந்தது. அக்கா பாடுவது ஜனத்தைப் பார்த்து. கண் போவது சாமியாடுகிற கோமரத்தாடியிடம். கதையில் நீலி பழிவாங்கும் கட்டமும் கோமரத்தாடிக்குச் சாமி வருவதும் ஒன்றாக நடக்க வேண்டும். அவருக்கு இன்னும் வரவில்லை என்றால் அக்கா வர்ணனையை நீட்டுவார், காட்டைப் பற்றி நாலு வரி, கள்ளிச்செடியைப் பற்றி நாலு வரி. உடம்பு நடுங்கத் தொடங்கிவிட்டால் இருபது வரியைத் தாண்டிக் குதித்து நேரே அந்த இடத்துக்கு வந்துவிடுவார். உடுக்கைக்காரருக்கும் பக்கப்பாட்டுக்கும் ஒரு ஜாடைகூட வேண்டாம், கூடவே குதிப்பார்கள். நான் அந்த நேரத்தில் ஃபேடரில் கை வைத்துத் தயாராக இருப்பேன், குலவை கிளம்பினால் மைக் ஊளையிடும்.

விடியற்காலை கட்டஞ்சாயா குடிக்கும்போது தம்பி அவரிடம் கேட்டான், இந்தக் கதையை எத்தனை நாளாகப் பாடுகிறீர்கள் என்று.

"மக்கா, பதினெட்டு வயசில தொடங்கினது. இப்பம் பேரப்பிள்ள பள்ளிக்கொடம் போவுது. அந்தப் பழையனூர் சபையில புள்ளையத் தூக்கிட்டு அவ வந்து நிக்குத எடம் இருக்குல்லா, அது ஒவ்வொரு கொடைக்கும் வேற மாதிரித்தான் வருவு. இன்னும் முழுசா படியல்ல, கேட்டியா."

தம்பி அவருக்கு ஜோரான் ராட்மிலோவிச் கதையைச் சொன்னான். 1933-ல் பிறந்தவர், அட்டெல்யே 212-ன் நடிகர். டுஷான் கோவாச்சேவிச் எழுதிய 'மூன்றாம் ராதோவான்' அங்கே 1973-ல் அரங்கேறியது. ஊரை விட்டு நகரத்து அடுக்குமாடிக்குக் குடிவந்து, பக்கத்து வீட்டுக்காரனோடு பகை வளர்க்கும் ஒரு முரட்டுக் குடும்பத் தலைவன். வருஷக்கணக்கில் பிரசவிக்காமல் கர்ப்பமாகவே இருக்கும் ஒரு மகள். ராட்மிலோவிச் அந்த வேஷத்தை 299 தடவை கட்டினார், 1985-ல் இறக்கும் வரை. எழுதியிருந்த வசனம் ஒரு பங்கு என்றால் அவர் அந்தந்த ராத்திரி சேர்த்தது இன்னொரு பங்கு. தாமதமாக வந்து நாற்காலி தேடுகிறவரைப் பிடித்துக்கொள்வார். கூட நடிப்பவர்கள் சிரிப்பை அடக்க முடியாமல் முதுகைத் திருப்பிக்கொண்டு நிற்பார்களாம். பத்தாவது தடவை பார்க்க வந்தவர்கள்கூட இன்றைக்கு என்ன செய்வார் என்று தெரியாமல்தான் உட்கார்ந்திருப்பார்கள். மருமகன் மொழிபெயர்த்து முடித்ததும் அக்கா, "அவ்வோ நம்ம ஆளுதான்" என்றார். சிரிப்பு நடிகர்களுக்கு யாகோதினா ஊர் நகைச்சுவை விழாவில் 'பொன் வான்கோழி' என்றொரு வாழ்நாள் விருது உண்டு என்றும் தம்பி சொன்னான். "வான்கோழியா? கறி வச்சா எத்தன பேருக்கு வரும்?" என்று அக்கா கேட்டதை மருமகன் மொழிபெயர்க்காமல் விட்டுவிட்டான்.

அன்றைக்கு வண்டியில் பெட்டிகளை ஏற்றிக்கொண்டு வரும்போதிலிருந்து எனக்கு இதே யோசனைதான். எங்கள் பங்கு நாடகத்துக்கு இரண்டு மாதம் உழைக்கிறார்கள். கொத்தனார், ஆட்டோக்காரர், ரப்பர் வெட்டுகிறவர், டீச்சர் எல்லாரும் ராத்திரி ஒன்பது மணிக்கு வந்து ஒத்திகை பார்க்கிறார்கள். திருவிழா ராத்திரி ஒரு தடவை நடிப்பதோடு சரி. செட்டைப் பிரித்து, உடுப்பைத் திருப்பிக் கொடுத்து, அடுத்த வருஷம் வேறு கதை. முதல் தடவை மேடையேறும்போது எந்த நடிகனுக்கும் பயம்தான் இருக்கும். வசனம் மறக்காமல் வந்தால் போதும் என்று இருப்பான். பத்தாவது தடவையில்தான் எதிரில் நிற்பவன் பேசுவது அவன் காதில் விழும். நம்ம ஆட்களுக்கு அந்தப் பத்தாவது தடவை வருவதே இல்லை. திறமை இல்லை என்று நாம் சொல்லிக்கொள்வதெல்லாம் அதனால்தான் என்பது என் கட்சி. வில்லுக்காரர்களுக்கு அது இருக்கிறது. அதனால்தான் ராத்திரி இரண்டு மணிக்கும் ஜனம் எழுந்து போகாமல் உட்கார்ந்திருக்கிறது.

நம்ம மண்ணில் இது ஒருகாலத்தில் இருந்ததும்தான். சங்கரதாஸ் சுவாமிகள் 1918-ல் மதுரையில் சிறுவர் நாடகக் குழுவாகப் பாலர் சபை தொடங்கியபோது டி.கே.எஸ். சகோதரர்கள் சிறுபிள்ளைகளாக அதில் சேர்ந்தார்கள். ஒழுகினசேரியில் 1908-ல் பிறந்த கலைவாணர் என்.எஸ். கிருஷ்ணன், நாகர்கோவிலில் நாடகக் கொட்டகையில் சோடா விற்ற பையன், பிறகு டி.கே.எஸ். குழுவில் சேர்ந்தவர். அந்தக் கம்பெனிகள் ஊர் ஊராகப் போய் அதே நாடகங்களை வருஷக்கணக்கில் போட்டன. டி.கே.எஸ். சகோதரர்களில் ஒருவரான சண்முகம் ஔவையார் வேஷத்தைக் கட்டிக் கட்டித்தான் ஔவை சண்முகம் ஆனார். சிறு பையன்களை அடித்து வேலை வாங்கிய கொடுமையும் அதில் உண்டு, அது திரும்பி வரவேண்டாம். ஆனால் கலைவாணர் வில்லுப்பாட்டை எடுத்துக்கொண்டு போய் மேடையில் வைத்ததும் நினைத்த இடத்தில் நினைத்ததைச் சேர்த்து ஜனத்தைச் சிரிக்க வைத்ததும் ஒரு ராத்திரி நாடகத்தில் வந்த பழக்கமாக இருக்க முடியாது.

தம்பியின் போன வருஷம் அவ்வளவு சுகமில்லை. 2024 நவம்பர் 1 அன்று செர்பியாவில் நோவி சாத் நகர ரயில் நிலையத்தின் கான்கிரீட் முகப்புக் கூரை இடிந்து விழுந்தது. செத்தவர்கள் கடைசியில் பதினாறு பேர். நவம்பர் 22-ம் தேதி அவன் படித்த நாடகக் கல்லூரி மாணவர்கள் தெருவில் மௌன அஞ்சலிக்கு நின்றபோது ஆட்கள் வந்து தாக்கினார்கள். 25-ம் தேதி மாணவர்கள் கல்லூரியை முற்றுகையிட்டுப் பாடத்தை நிறுத்தினார்கள். அங்கிருந்து நாடு முழுக்க மற்றக் கல்லூரிகளுக்குப் பரவியது. அரங்குகளிலும் காட்சிகள் நின்றன. காட்சி நின்றால் சம்பளக்காரருக்குச் சம்பளம் வரும், காட்சிக் கூலிக்காரனுக்கு வராது. ஆனாலும் நிறுத்து என்று முதலில் கை தூக்கியவர்கள் கூலிக்காரப் பையன்கள்தான் என்றான். அந்த மாதங்களில் அம்மா அனுப்பிய மிளகாய்ப் பாட்டில்களும் ரொட்டியும்தான் சாப்பாடு.

கிளம்புவதற்கு முந்தின நாள் ராத்திரி அவன் எங்களுக்கு ஒரு நாடகத்தை மாடியில் தனியாளாக நடித்துக் காட்டினான். ப்ரானிஸ்லாவ் நூஷிச் எழுதியது, செர்பியாவில் அவரை நடிக்காத நடிகனே இல்லையாம். 1864-ல் பிறந்து 1938-ல் போனவர். கதை இதுதான். சொத்துள்ள பெரியவர் செத்துவிடுகிறார். உயிலை நாற்பதாம் நாள்தான் பிரிப்பார்கள். அதுவரை துக்கம் காக்கிறோம் என்று சொந்தக்காரர்கள் எல்லாரும் பெட்டி படுக்கையோடு அந்த வீட்டில் வந்து உட்கார்ந்துகொள்கிறார்கள். ஒருத்தி அழுதுகொண்டே வெள்ளித் தட்டை முந்தானைக்குள் வைக்கிறாள், ஒருவன் கடிகாரத்தைக் கழற்றுகிறான், ஒருவரை ஒருவர் வேவு பார்க்கிறார்கள். கடைசியில் உயில், பெரியவருக்கு ஊரறியாமல் பிறந்த மகளுக்குப் போகிறது.

என் மனைவி, "இது யாரு நம்ம ஊர்ல வந்து பாத்து எழுதினது?" என்று கேட்டாள். சொத்து மருமகனுக்குப் போகும் மருமக்கள்வழிச் சண்டையைக் கவிமணி பாட்டாகவே பாடி வைத்த நாடு இது, நமக்கு இதில் ஓர் எழுத்தும் மாற்ற வேண்டாம். வெள்ளித் தட்டுக்குப் பதில் உருளி, கடிகாரத்துக்குப் பதில் ரப்பர் ஷீட் அடிக்கிற மிஷின்.

மருமகன் அதை நம்ம ஊர் நாடகமாக எழுதி முடித்துவிட்டான், முழுக்க நம்ம பேச்சில். தம்பி போன மாதம் போன் பண்ணியபோது, தெற்கத்திப் பேச்சுக்காரன் எழுதினால் நன்றாகத்தான் இருக்கும் என்றான். அவனுக்கு இந்தப் பருவத்தில் ஆறு நாடகம், வேலை நிரந்தரம் இன்னும் இல்லை. எங்கள் பங்குத் திருவிழாவில் அரங்கேற்றம். அதோடு செட்டைப் பிரிக்கப்போவதில்லை. இரண்டு பக்கத்துப் பங்குகளும் ஒரு கோயில் கமிட்டியும் ஒத்துக்கொண்டிருக்கிறார்கள், இன்னும் ஆறேழு இடம் வேண்டும். மைக் செட் வாடகை கிடையாது, வேன் டீசலும் பதினாலு பேருக்கு ராத்திரிச் சாப்பாடும் கொடுத்தால் வருவோம். மேலே மைக் தொங்காது. பின்வரிசைக்குக் கேட்கவில்லை என்றால் அங்கிருந்தே கத்துங்கள், நடிகர்களிடம் சொல்லிவைத்திருக்கிறேன். மூத்த அத்தை வேஷத்துக்கு மட்டும் இன்னும் ஆள் அமையவில்லை. அழுதுகொண்டே உருளியைத் தூக்கத் தெரிந்த அம்மாமார் யாராவது திங்கள்நகர்ச் சுற்று வட்டாரத்தில் இருந்தால் கீழே எழுதுங்கள், ஒத்திகை ராத்திரி ஒன்பது மணிக்கு.